பிடுங்கிய படல்

இதில் நடந்த எதையும் நான் நேரில் பார்க்கவில்லை. எங்கள் தெருவில் குடியிருக்கும் ஆறுச்சாமி மாமா சொல்லிக் கேட்டது. அவரிடம் பாவாயி அம்மாள், கோர்ட்டிலிருந்து திரும்பும் பஸ்ஸில், ஜன்னல் பக்கம் முகத்தை வைத்துக்கொண்டு கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னாராம். மாமாவுக்குப் பாதிதான் காதில் விழுந்தது. விழாத பாதியை நான்தான் எழுதியிருக்கிறேன். அதில் தப்பு இருந்தால் அது என்னுடையது.

இன்றைக்கு மட்டும் கூப்பிடாமல் போகட்டும் என்று பாவாயி நினைத்தாள். நினைத்த மாத்திரத்தில் அவளுக்கே தன் மேல் கோபம் வந்தது. இத்தனை வருசமாக இந்த வராந்தாவில், ஒரு கால் ஆடுகிற இதே இரும்பு பெஞ்சில் உட்கார்ந்து, இன்றைக்காவது கூப்பிட மாட்டார்களா என்று வேண்டிக்கொண்டவள் அவள்தான். வழக்குப் போட்ட வருசம் நட்ட தென்னம்பிள்ளைகள் காய்ப்புக்கு வந்து, அதில் சிலது வண்டு விழுந்து பட்டும் போயிற்று. ஜட்ஜ் லீவு என்றார்கள். ஜட்ஜ் மாறிப் போய்விட்டார் என்றார்கள். வக்கீல்கள் உள்ளே போகமாட்டோம் என்று வாசலில் நின்று கோஷம் போட்டார்கள். அரசு வக்கீலிடம் வழக்குக் கட்டு வந்து சேரவில்லை. கட்டு வந்து சேர்ந்தபோது அரசு வக்கீல் வேறு ஆள். கோர்ட்டே ஒரு தடவை பழைய கட்டடத்தை விட்டுப் புதுக் கட்டடத்துக்குக் குடி வந்தது, இந்தக் கால் ஆடுகிற பெஞ்சையும் மறக்காமல் கூட்டிக்கொண்டு. கலெக்டர் எத்தனை பேர் மாறினாலும் வழக்கு நிற்கவில்லை, வழக்குக் கட்டுக்குள் கலெக்டர் என்று எழுதியது கலெக்டராகவே இருந்தது. வழக்குப் போட்ட அவள் வீட்டுக்காரர் செத்ததும் நின்றுவிட்டது. செத்தவருக்குப் பதில் யார் என்று ஒரு மனு, அதற்கு ஒரு எதிர்மனு, செத்தது உண்மைதானா என்று சர்க்காருக்கு ஒரு சந்தேகம். கருமாதிச் சோறு சாப்பிட்டுவிட்டுப் போன வி.ஏ.ஓ.வையே கேட்டிருக்கலாம். அப்போதெல்லாம் வாய்தா என்ற சொல்லைக் கேட்டாலே அவளுக்கு வயிறு எரியும். இன்றைக்கு அந்த வாய்தாவைக் கொடுங்கள் சாமி என்று உள்ளுக்குள் கையேந்துகிறாள். வெட்கமாக இருந்தது. மேலே மின்விசிறி டக் டக் என்று ஏதோ ஒன்றில் இடித்துக்கொண்டு சுற்றியது. இதையாவது யாராவது நிறுத்தக் கூடாதா, ஒரு திருகாணி முடுக்குகிற வேலை, அதற்கும் ஒரு வாய்தாவா.

வழக்கு ஒன்றும் பெரிய சிக்கல் இல்லை, பச்சைப் பிள்ளைக்கும் விளங்கும். தார் ரோட்டிலிருந்து ஓடைக்கு ஒரு தடம் அவள் விளைநிலமான காட்டுக்குள்ளே போகிறது, வேலியில் அது நுழைகிற வாய்க்குக் கடவு என்று பேர். ஓடைக்கு இந்தக் கரையிலேயே காலனிக்காரர்களின் சுடுகாடு. அந்தத் தடம் வண்டிப்பாதை, ஊர்ப் பொதுச் சொத்து, ஆகையால் அரசுக்குப் பாத்தியம் என்று ஒரு நாள் கம்பு நட வந்தார்கள். ஓடைக்கு அப்பால் தொழிற்பேட்டை வருகிறதாம், லாரி போக ரோடு வேண்டுமாம். பட்டாக் காடு என்று ஒப்புக்கொண்டால் நோட்டீஸ் கொடுக்க வேண்டும், விசாரிக்க வேண்டும், ஈடு கொடுக்க வேண்டும். முதலிலிருந்தே எங்களுடையதுதான் என்று சொல்லிவிட்டால் ஒன்றும் வேண்டாம், வந்து எடுத்துக்கொண்டு போகலாம். லாரி திரும்புகிற அகலத்துக்கு ரோடு போட்டால் தடத்தை ஒட்டி இருக்கிற கிணறு மூடிப் போகும். கிணறு போனால் மிஞ்சுவது காடு இல்லை, வெறும் செம்மண். திருப்பூரில் இருக்கிற மகன் போனில் சொல்கிறான், “விட்டுத் தொலைங்கம்மா, இங்க வந்து இருங்க” என்று. அவன் வாடகை வீட்டில் மூன்றாவது மாடி. தண்ணீர் ஒரு நாள் விட்டு ஒரு நாள். கிணறு வைத்திருக்கிறவளைத் தண்ணீர் இல்லாத இடத்துக்குக் கூப்பிடுகிறான். தண்ணீர் என்று நினைத்ததும் தொண்டை வறண்டது. காலையிலிருந்து அவள் ஒரு வாய் குடிக்கவில்லை. குடித்தால் போக வேண்டும், பெண்கள் கக்கூஸின் சாவி யாரோ ஒரு ஆளிடம் இருக்கிறது, அந்த ஆள் எங்கே என்று கேட்டால் இப்போதுதான் வெளியே போனார் என்பார்கள். எப்போது கேட்டாலும் இப்போதுதான்.

வக்கீல் திருமூர்த்தி கோட்டின் கையைச் சுருட்டிவிட்டுக்கொண்டு வந்தார். “என்னம்மா, நான் சொன்னது ஞாபகம் இருக்குல்ல? வருசா வருசம் ஆடி நோம்பி அன்னிக்குக் கடவுல படல் சாத்துவோம். போன ஆடி வரைக்கும் சாத்துனோம். அவ்வளவுதான். அதுக்கு மேல ஒரு வார்த்தை வேண்டாம்.” “அத நிறுத்தித்தான் வெகுகாலம் ஆச்சுங்களே,” என்றாள். “நிறுத்துனதை யார் பார்த்தா?” “எல்லாருந்தானுங்க.” “எல்லாரும் கூண்டுல ஏற மாட்டாங்க. நீங்க ஏறுவீங்க.” அவர் குனிந்து, பள்ளிக்கூடப் பிள்ளைக்குச் சொல்வதுபோல மறுபடி சொன்னார். வருசத்துக்கு ஒரு நாள் அடைத்திருந்தால் அது நீங்கள் பார்த்துக் கொடுத்த வழி. அடைக்கவே இல்லை என்றால் அது ஊர் வழி, ஊர் வழி என்றால் சர்க்கார் வழி. “ஒரு முள்ளுப் படலும்மா. அதுலதான் உங்க கிணறு நிக்குது.” சொல்லிவிட்டு யாரையோ பார்த்துச் சிரித்துக்கொண்டே போய்விட்டார். பாவாயி தன்னை அறியாமல் வலது உள்ளங்கையைக் கட்டைவிரலால் தேய்த்தாள். நடுவில் ஒரு வெள்ளைத் தழும்பு. அரிப்பதில்லை, வலிப்பதில்லை, ஆனால் கை சும்மா இருந்தால் விரல் அங்கேதான் போய் நிற்கும்.

ஆடி நோம்பி. அவள் மாமனார் மனுசர் ஒரு தினுசு. காலனிச் சனங்கள் அந்தத் தடத்தில் பிணம் கொண்டுபோக அவருடைய அப்பன் காலத்தில் விட்டது. வருசம் பூராவும் போகலாம், ஆடி நோம்பிப் பண்டிகை அன்றைக்கு மட்டும் விடிய எழுந்து முள் கட்டிய படலைக் கொண்டுபோய்க் கடவில் சாத்துவார். பொழுது இறங்கியதும் எடுப்பார். கடவுக்கு இரண்டு பக்கமும் கிளுவைக் கம்பு ஊன்றியதும் அவர்தான், படலைக் கட்ட. ஏன் என்று யாராவது கேட்டால், “நம்மளுதுன்னு நமக்கே மறந்துபோகுமல்லோ” என்பார். அன்றைக்கு அந்தப் பக்கம் யாரும் வரமாட்டார்கள், ஆடு கூட வராது. அவள் கல்யாணமாகி வந்து இரண்டோ மூன்றோ ஆடி இருக்கும். அன்றைக்கு நல்ல மழை. மாமனாரும் வீட்டுக்காரரும் கோயிலுக்குப் போயிருந்தார்கள். இவள் தலைக்கு ஊற்றிவிட்டு வாசலில் நின்று முடி உலர்த்தினாள், இல்லை, மழையில் எப்படி உலர்த்துவது, முன்கூடத்து ஆசாரத்துக்குள்தான் நின்றிருப்பாள், ஏதோ ஒன்று, பறைச் சத்தம் கேட்டது. கேட்டுக்கொண்டே இருந்த சத்தம் கடவுகிட்ட வந்து நின்றது. நின்றுபோனதுதான் அவளை வெளியே இழுத்தது. போய்ப் பார்த்தால் படலுக்கு அந்தப் பக்கம் அத்தனை பேரும் நனைந்துகொண்டு நிற்கிறார்கள். சுற்றிப் போகிற வழியில் ஓடை மதகு மேல் வெள்ளம். பாடையைக் கீழே இறக்கி வைத்திருந்தார்கள், நடுவழியில், சேற்றில். ரங்கம்மா. களை எடுக்க வருவாள், வெற்றிலைக்குப் புகையிலை கேட்பாள், அந்த ரங்கம்மா. முகத்தில் மழை விழுந்துகொண்டிருந்தது, யாரும் மூடவில்லை. மகன் ஆறுச்சாமி, மீசை அரும்பின பையன், நெருப்புச் சட்டியைத் துண்டால் மறைத்துப் பிடித்துக்கொண்டு நின்றான். அவன் கேட்கவில்லை. ஒருத்தரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ‘பெரியவர் வரட்டும்’ என்று சொல்லியிருப்பாளோ என்னவோ. கேட்காததால்தான் அவளுக்குச் சொல்ல ஒன்றும் இல்லாமல் போய், படலைப் பிடித்து இழுத்தாள். முள் கையில் ஏறியது அப்போது தெரியவில்லை. பிணம் போனபிறகு பார்த்தால் சேலை முந்தியெல்லாம் ரத்தம். சாயங்காலம் மாமனார் வந்தார், பார்த்தார், கை கால் கழுவினார், சாப்பிட்டார். திட்டுவார் திட்டுவார் என்று அடுப்படியிலேயே நின்றாள். படுக்கப் போகும்போது ஒன்று சொன்னார். “பிடுங்குன கைதான் சாத்தோணும்.” அதற்கு அப்புறம் அவர் சாத்தவில்லை. அவளும் சாத்தவில்லை. படல் மழையில் நனைந்து, கரையான் தின்று, அடுப்புக்குப் போயிற்று.

“ஏனுங் ஆத்தா, வேர்த்துக் கொட்டுதுங்களே, டீ சொல்லட்டுங்களா?” அதே ஆறுச்சாமி. இப்போது நரைத்த மீசை, மூக்கில் இறங்கின கண்ணாடி, கையில் சர்க்கார் கட்டு. கிராமத்துக்குத் தலையாரி அவன். தாசில்தார் ஆபீசிலிருந்து அரசு வக்கீலுக்கு இந்த வழக்கின் கட்டைக் கொண்டுவந்து கொடுத்து வாங்கிப் போவது அவன் வேலை. அவளுக்கு எதிரான காகிதமெல்லாம் அவன் கக்கத்தில்தான் இருக்கிறது. வருவதும் போவதும் இரண்டு பேரும் ஒரே பஸ். “டீ வேண்டாம், அப்புறம் சாவிக்காரனத் தேடோணும்,” என்றாள். அவன் சிரித்தான். பெஞ்சில் உட்காரவில்லை, தூணில் சாய்ந்தான். உக்காரு என்று அவள் எத்தனையோ முறை சொல்லிப் பார்த்தாயிற்று. பஸ்ஸில் உட்காருகிறவன் இங்கே உட்காரமாட்டான். “உங்க வக்கீல் என்ன சொல்லச் சொன்னாருங்க?” “எதிர்க்கட்சிக்காரங்கிட்ட அதயச் சொல்லுவாங்களா?” “வேணாமுங்க, சொல்லாதீங்க. எனக்குந்தான் தாசில்தார் பாடம் நடத்தியிருக்கறாரு. எந்தக் காலத்திலும் அங்க படலே இல்ல, எல்லாரும் இஷ்டத்துக்கு நடப்போம்னு நாஞ் சொல்லோணுமாம்.” “சொல்லுவியா?” “பென்சனுக்குக் கொஞ்ச காலந்தான் இருக்குதுங்க.” பிறகு அவன் கட்டை இந்தக் கக்கத்திலிருந்து அந்தக் கக்கத்துக்கு மாற்றிக்கொண்டு, வேடிக்கையாகத்தான் சொன்னான், “நீங்க படலு வருசா வருசம் இருந்துச்சும்பீங்க. நான் எப்பவுமே இல்லம்பேன். ரெண்டுக்கும் நடுவுல எங்கம்மாளைத்தான் எங்க வெக்கறதுன்னு தெரியலீங்க. ஆகாசத்துல பறந்து போனான்னு சொல்லிப்போடறேன். அவ வந்து கேக்கவா போறா?” பாவாயிக்குச் சிரிப்பு வந்தது. சிரித்து முடித்ததும் வாய் கசந்தது.

கிணறா படலா. படலா கிணறா. ஒரு வரிதானே, சொல்லிவிட்டு இறங்கினால் ஆயிற்று. ஊரில் யார்தான் கோர்ட்டில் நிஜம் சொல்கிறார்கள்? சர்க்காரே பொய்தான் சொல்கிறது, கொட்டை எழுத்தில், முத்திரை குத்தி. வண்டிப்பாதையாம். எந்த வண்டி போயிற்று அதில்? அதை அளந்து பார்க்கத்தான் கோர்ட்டிலிருந்து ஒரு கமிஷனரை அனுப்பினார்கள், சின்ன வயசு வக்கீல், வெயில் தாளாமல் ஜீப்பை விட்டே இறங்கவில்லை. ரோட்டோரப் புளியமரத்து நிழலில் இளநீரைக் குடித்துவிட்டு, அவள் மரத்து இளநீரை, தூரத்திலிருந்தே பார்த்து எழுதிக்கொண்டு போனான். அவன் பொய் எழுதலாம், நான் சொன்னால் மட்டும் குற்றமா? சொல்லலாம். ‘போன ஆடி வரைக்கும் சாத்துனமுங்க.’ மனசுக்குள் சொல்லிப் பார்த்தாள். நன்றாகத்தான் வந்தது. இன்னொரு முறை. இந்த முறை ‘போன ஆடி’ என்றதும் மழை வந்துவிட்டது, சேறு, மூடாத முகம். திரும்பவும் முதலிலிருந்து. நான் ஏன் சாத்தாமல் விட்டேன்? அடுத்த ஆடியில் ஒரு படல் கட்டிச் சாத்தியிருந்தால் இன்றைக்கு இந்தப் பெஞ்சு உண்டா? நல்ல மனசு என்று ஊர் நினைத்திருக்கும். நல்ல மனசெல்லாம் ஒன்றும் இல்லை. கையில் புண் ஆற நாளாயிற்று, அடுத்த ஆடிக்கு வயிற்றில் பிள்ளை, அதற்கடுத்த ஆடிக்கு மாமனார் படுக்கையில். அப்புறம் சாத்தப் போனால் யாராவது பார்த்து, ‘அன்னிக்குப் பிடுங்குன, இன்னிக்குச் சாத்தறயா’ என்று கேட்டுவிடுவார்களோ என்ற கூச்சம். சோம்பலும் கூச்சமும்தான். அதை எடுத்துக்கொண்டு சர்க்கார் பாத்தியம் கொண்டாடுகிறது! எரிகிறது, உள்ளங்கையிலிருந்து உச்சந்தலை வரைக்கும் எரிகிறது. அந்தச் சனங்கள் சுடுகாட்டுக்கு வழி வேண்டும் என்று எத்தனை தாசில்தாரிடம் போய் நின்றார்கள், ஆறுச்சாமியின் அப்பன் செருப்பைக் கழற்றிவிட்டு அந்த ஆபீஸ் வாசலில் எத்தனை நாள் நின்றான். ஒரு முழம் கொடுக்கவில்லை. இப்போது அவர்கள் நடந்த தடத்தைக் காட்டி, இதோ பார் எங்கள் பாதை என்கிறது. அவள் கொடுத்ததும் அதனுடையதாம், அவர்கள் நடந்ததும் அதனுடையதாம். இதற்கு நடுவில் ஒரு பொய்யைச் சொல்லி அவள் என்ன செய்யப் போகிறாள்? கிணற்றைக் காப்பாற்றப் போகிறாள். அதுதானே வேண்டும். தடத்தோரம் நிற்கும் அந்த மோட்டார் கொட்டகை, மாட்டுக்குத் தண்ணீர், தென்னைக்குத் தண்ணீர், அவளுக்குத் தண்ணீர். சொல்லிவிட வேண்டியதுதான். சாமி, வாய்தா கொடு. சாப்பாட்டு நேரம் நெருங்கிவிட்டது, வராந்தாவில் கூட்டம் கரைகிறது, கேன்டீனிலிருந்து சாம்பார் வாசம். இனிமேல் கூப்பிட மாட்டார்கள். இனிமேல் எங்கே கூப்பிட. ஒரு வாய் தண்ணீர் குடிக்கலாமா என்று பையைத் திறந்தாள். “பாவாயி! பாவாயி! பாவாயி!” டவாலி வாசலில் நின்று கத்தினான், ஏதோ கூப்பிடு தூரத்துக்கு அப்பால் இருப்பவளைக் கூப்பிடுவதுபோல. இத்தனை வருசத்தில் அந்தக் குரல் அவள் பெயரைச் சொல்லி ஒரு நாளாவது வந்ததா? வேண்டாம் என்ற அன்றைக்கு வருகிறது.

கூண்டின் கட்டை வழவழவென்று இருந்தது, எத்தனையோ பேர் பிடித்துப் பிடித்து. அவளும் பிடித்தாள், தழும்பு கட்டையில் பட்டது. சத்தியம் செய்யச் சொன்னார்கள், செய்தாள். அரசு வக்கீல் இளவட்டம், நல்ல மரியாதையாகத்தான் கேட்டார். ஊர் எது, காடு எது, தடம் எந்தத் திசையில். எல்லாம் சரியாகச் சொன்னாள். “அந்தக் கடவுல படல் ஒண்ணு இருந்ததா உங்க மனுவுல சொல்லியிருக்கீங்க. இப்ப இருக்கா?” திருமூர்த்தி கழுத்தைத் தடவிக்கொண்டு அவளையே பார்த்தார். போன ஆடி வரைக்கும். நாக்கு நுனியில் நின்றது. கதவோரத்தில் ஆறுச்சாமி கட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றான். அன்றைக்கு நெருப்புச் சட்டியைப் பிடித்ததுபோலவே பிடித்திருந்தான். கேட்கவில்லை. அன்றைக்கும் இப்படித்தான், கேட்கவே இல்லை. “இல்லீங்க,” என்றாள். “நாந்தான் பிடுங்கிப் போட்டனுங்க.” “எப்ப?” “ரங்கம்மா செத்த அன்னிக்குங்க. கல்யாணமாகி வந்த புதுசு.” திருமூர்த்தி கண்ணை மூடிக்கொண்டார். அரசு வக்கீலின் முகம் மலர்ந்தது. “அப்ப அன்னிலேர்ந்து பொதுமக்கள் எல்லாரும் தடையில்லாமப் போறாங்க?” “எல்லாரும் இல்லீங்க. பொணம் போக விட்டனுங்க.” “பிணம் மட்டும்தானா? ஆளுங்க போகலையா?” “பொணம் தானா நடந்து போகுங்களா? தூக்கீட்டுப் போறவங்களும் போனாங்க.” பின்னால் யாரோ சிரித்தார்கள். “ஆக, அரசாங்கம் சொல்ற மாதிரி இது பொதுப் பாதைதான்னு ஒத்துக்கறீங்க?” அவளுக்குள் காலையிலிருந்து அடைத்துக்கொண்டிருந்தது உடைந்தது. “அரசாங்கம் அன்னிக்கு எங்கீங்க இருந்துச்சு? பாடை சேத்துல கெடந்தப்ப ஒரு ஆபீசரும் அந்தப் பக்கம் வரலீங்களே. விட்டது நானுங்க. இன்னைக்கும் விடறது நானுங்க.” “கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லும்மா,” என்றார் ஜட்ஜ், கோபமில்லாமல், கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே. பக்கத்தில் டைப் அடிக்கிற பெண் எதை அடித்தாள் எதை விட்டாள் என்று பாவாயிக்குத் தெரியவில்லை. சாப்பாட்டு நேரம் வந்துவிட்டது. மதியத்துக்கு மேல் ஜட்ஜுக்கு வேறு ஏதோ கூட்டம். மீதிக் கேள்விக்கு வாய்தா. கேட்ட வாய்தா, பேசி முடித்த பிறகு கிடைத்தது.

வெளியே வந்ததும் திருமூர்த்தி, “என் கேஸைக் கொன்னுட்டீங்களேம்மா,” என்றார். யாருடைய கேஸ் என்று கேட்க நினைத்தாள். பையிலிருந்த தண்ணீரை அங்கேயே நின்று முழுக்கக் குடித்தாள். பஸ்ஸில் ஆறுச்சாமி அவளுக்கு முன் சீட்டில் உட்கார்ந்தான். சுங்கச்சாவடி தாண்டியபிறகு, திரும்பாமலே, “அன்னிக்குக் கைக்கு மருந்து போட்டீங்களான்னு கேக்கோணும்னு இருந்தனுங்க,” என்றான். “இப்பத்தான் கேக்கறயா?” “இப்பத்தானுங்க வாய்தா வந்துச்சு.” அவள் ஜன்னல் பக்கம் முகத்தை வைத்துக்கொண்டாள். அங்கிருந்துதான் சொல்ல ஆரம்பித்திருக்கிறாள்.

வழக்கு இன்னும் முடியவில்லை. மாமாவின் முறையும் இன்னும் வரவில்லை. வந்தால் என்ன சொல்வார் என்று நான் கேட்கவில்லை. போன மாதம் எங்கள் தெருவில் ஒரு சாவு விழுந்தது, நானும் ஒரு தோள் கொடுத்தேன். கடவுகிட்டப் போனதும் முன்னால் பிடித்திருந்தவர், “ஒருச்சாய்ங்க, ஒருச்சாய்ங்க” என்று குரல் கொடுத்தார். பாடையை ஒரு பக்கம் சாய்த்துத்தான் உள்ளே நுழைய முடிந்தது. மறுநாள் தனியாகப் போய்ப் பார்த்தேன். படலைக் கட்ட அந்தப் பெரியவர் ஊன்றிய கிளுவைக் கம்புகள் இரண்டும் வேர் பிடித்து மரமாகியிருக்கின்றன. நடுவில் நின்று இரண்டு கையையும் நீட்டினேன். முழுசாக நீட்டும் முன்பே இரண்டு பக்கத்து மரமும் விரலில் தட்டின. அரசு மனுவில் அதற்குப் பெயர் வண்டிப்பாதை.